உங்களுக்குத் தெரியுமா? – வேஷம் கட்டிய ராக்கர்கள்

அமெரிக்காவின் வர்ஜீனியா மாநிலத்தில், ரிச்மண்ட் நகரத்தில் ஒரு பழைய பால் கம்பெனிக் கட்டடம். மூலைகளில் ராட்சத பால் பாட்டில் வடிவத்தில் கோபுரங்கள். 1980களில் அதற்குள் ஹண்டர் ஜாக்சன் என்ற கலைஞர், விண்வெளிக் கொள்ளையர்களைப் பற்றிய ஒரு படத்துக்காகக் கொம்பும் கவசமுமாக உடைகள் செய்துகொண்டிருந்தார். அங்கேயே இருந்த 'டெத் பிக்கி' என்ற பங்க் குழுவின் பாடகர் டேவ் பிராக்கிக்கு அந்த உடைகள் மேல் கண். கடன் வாங்கி மாட்டிக்கொண்டு, தங்கள் கச்சேரிக்கு முன்பு அண்டார்க்டிகாவிலிருந்து வந்த காட்டுமிராண்டிகளாக மேடையேறிக் கத்திவிட்டு இறங்கினார்கள். கூட்டம் அதை ரசித்தது. அசல் குழு வாசிக்க வந்தபோது வீட்டுக்குக் கிளம்பிவிட்டது! அப்புறம் அசல் எதற்கு? 1984-இல் 'க்வார்' பிறந்தது இப்படித்தான்.

*

க்வார் கச்சேரிக்குப் பழகிய ரசிகர்கள் வெள்ளை டி-ஷர்ட் போட்டுக்கொண்டுதான் போவார்கள். மேடையில் ஒரு பொம்மைத் தலைவரின் தலை சீவப்படும். கழுத்திலிருந்து சிவப்புத் தண்ணீர் பீய்ச்சியடித்து முன்வரிசையை நனைக்கும். உணவில் கலக்கும் சாயம்தான். வெள்ளைத் துணியில்தானே கறை எடுப்பாகத் தெரியும்? தலை இழந்தவர்களில் அமெரிக்காவின் இரண்டு பெரிய கட்சிகளையும் சேர்ந்த அதிபர்கள் உண்டு. பாரபட்சம் கிடையாது.

*

இந்தக் கூத்துக்கு கிராமி விருதுப் பரிந்துரை இரண்டு முறை கிடைத்திருக்கிறது. விருது இரண்டு முறையும் கைநழுவியது.

*

நாய் வேஷம் போட்டால் குரைத்துத்தான் ஆகவேண்டும் என்பார்கள். ஜப்பானின் 'செய்கிமா-2' குழுவினர் 1982-லிருந்து அதைத்தான் செய்கிறார்கள். தோக்கியோவின் வசேதா பல்கலைக்கழக மாணவர்கள் தொடங்கிய ஹெவி மெட்டல் குழு. முகமெல்லாம் வெள்ளைப் பூச்சு, கண்ணைச் சுற்றிக் கறுப்பும் நீலமும். தலைவர் 'டீமன் காக்கா', அதாவது மேதகு பேய். வயது? ஒரு லட்சத்துக்கு மேல். வசேதாவில் படித்ததைப் பற்றிக் கேட்டால், அது உலகத்தின் கண்ணில் மண்ணைத் தூவ எடுத்த தற்காலிக மனித உருவம் படித்தது என்பார். கச்சேரிக்கு இவர்கள் வைத்த பெயர் கறுப்புத் திருப்பலி, ஆல்பம் என்றால் மறைநூல், ரசிகர்கள் விசுவாசிகள். ஒருவரும் சிரிக்கமாட்டார்கள். நகைச்சுவையே அதில்தான் இருக்கிறது.

*

1985-இல் வந்த இவர்களின் முதல் ஆல்பத்துக்கு, ஜப்பானின் ஹெவி மெட்டல் பத்திரிகை 'பர்ன்' கொடுத்த மதிப்பெண் நூற்றுக்குப் பூஜ்யம். நான்கே ஆண்டுகளில், ஆண்டு இறுதி இரவில் குடும்பம் குடும்பமாக உட்கார்ந்து பார்க்கும் என்எச்கே தொலைக்காட்சியின் பாட்டுப் போட்டி நிகழ்ச்சியில் பேய்கள் பாடின.

*

அதே என்எச்கே-யில் சுமோ மல்யுத்த ஒளிபரப்பில் வல்லுநராகவும் மேதகு பேய் உட்கார்ந்திருக்கிறார், அதே முகப்பூச்சுடன். அவருடைய சுமோ அறிவு விளையாட்டல்ல. பிடிகளையும் பழைய ஆட்டங்களையும் சரளமாகப் பேசுவார். கொஞ்ச நேரம் கேட்டால் முகம் மறந்துவிடும் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

*

நூற்றாண்டு முடிவதற்குள் பூமியைப் பிடித்துவிட்டுக் கலைவோம் என்று சொல்லிவைத்திருந்தது செய்கிமா-2. 31.12.1999, இரவு 11 மணி 59 நிமிடம் 59 விநாடிக்குக் கலைந்தது. சொன்ன சொல்லைக் காப்பாற்றிய ராக் குழுக்கள் குறைவு என்பதால் இதைக் குறித்துவைக்கலாம். ஆனால் 2005-இல் முதல் ஆல்பம் வந்த இருபதாம் ஆண்டு என்று சொல்லிக்கொண்டு திரும்ப வந்துவிட்டார்கள்.

*

2011-இல் க்வார் குழுவின் கித்தார் கலைஞர் கோரி ஸ்மூட் சுற்றுப்பயணத்தின் நடுவே இறந்துபோனார். அவர் போட்ட 'ஃபிளாட்டஸ் மாக்சிமஸ்' வேஷத்தை இன்னொருவர் தலையில் மாட்டாமல், அந்தப் பாத்திரத்துக்கே ஓய்வு கொடுத்தார்கள். 2014 மார்ச்சில் பிராக்கியும் போனார், வயது 50. அவருடைய 'ஓடரஸ் உரங்கஸ்' உடையை ரிச்மண்டில் ஓர் ஏரிக்குக் கொண்டுபோய், படகில் வைத்து, வைக்கிங் முறைப்படி தீமூட்டினார்கள். மனிதருக்கு ஒரு அஞ்சலி, வேஷத்துக்குத் தனியாக ஒரு தகனம்.

அடுத்துப் பாட வந்தவர் மைக்கேல் பிஷப், குழுவின் பழைய பேஸ் கித்தார்காரர். மேடையில் கொம்பும் மாட்டு மடியுமாக நிற்கும் அவர், வர்ஜீனியா பல்கலைக்கழகத்தில் இசையில் முனைவர் பட்டம் வாங்கியவர்.

*

'ஸ்பைனல் டாப்' என்ற ஆங்கிலேய ஹார்ட் ராக் குழு ஒன்று கிடையாது. அமெரிக்க நடிகர்கள் மூவர் விக் வைத்துக்கொண்டு உருவாக்கியது அது; 1984-இல் ராப் ரெய்னர் எடுத்த கிண்டல் ஆவணப்படத்தில் பிரபலமானது. பாட்டையும் வாத்தியத்தையும் அவர்களே பார்த்துக்கொண்டதால், படம் முடிந்தும் குழு சாகவில்லை. 1992-இல் லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹாலில் நிஜமாகவே வாசித்தார்கள்.

*

அந்தப் படத்தில், 18 அடி என்பதற்குப் பதில் 18 அங்குலம் என்று எழுதிக்கொடுத்ததால் 'ஸ்டோன்ஹெஞ்ச்' கல்தூண்கள் முழங்கால் உயரத்தில் வந்து இறங்கும். நிஜத்தில் நடந்தது நேர் எதிர். 1983-இல் 'பிளாக் சப்பாத்' குழு செய்யவைத்த ஸ்டோன்ஹெஞ்ச், பல அரங்குகளுக்குள் நுழையவே நுழையாத அளவுக்குப் பெரிதாகப் போய்விட்டது.

*

மற்றவர்களுடைய ஆம்ப்ளிஃபயரில் ஒலி அளவு 10-இல் நின்றுவிடும், எங்களுடையது 11 வரை போகும் என்று படத்தில் ஒரு கித்தார்காரர் பெருமையடிப்பார். பிபிசியும் தன் இணைய ஒளிபரப்புச் சேவையான ஐபிளேயரில் ஒலி அளவை 11 வரை வைத்தது.