ஃபிரெடெரிக் வைஸ்மேன்

ஃபிரெடெரிக் வைஸ்மேன் அமெரிக்க ஆவணப்பட இயக்குநர். பள்ளி, மருத்துவமனை, காவல்துறை, நூலகம் போன்ற பொது நிறுவனங்களின் அன்றாடத்தைக் குறுக்கிடாமல் உற்றுநோக்கும் படங்களுக்காக அறியப்படுபவர். 1930 ஜனவரி 1 அன்று பாஸ்டன் நகரில் பிறந்தார். யேல் பல்கலைக்கழகத்தில் சட்டம் பயின்று, பாஸ்டன் பல்கலைக்கழகத்தில் சட்டம் கற்பித்தார்.

முதல் படமும் தடையும்

குற்ற வழக்குகளில் சிக்கிய மனநோயாளிகள் அடைக்கப்பட்டிருந்த பிரிட்ஜ்வாட்டர் மருத்துவமனைக்கு வைஸ்மேன் தம் மாணவர்களை அழைத்துச் செல்வது வழக்கம். பின்னர் அங்கேயே அனுமதி பெற்று 'டிட்டிகட் ஃபோலீஸ்' (1967) என்ற படத்தை எடுத்தார். உடையின்றி அடைக்கப்பட்டவர்களும், அவர்களைச் சீண்டும் காவலர்களும் அதில் அப்படியே பதிவாகியிருந்தனர். உள்ளிருப்போரின் அந்தரங்கம் மீறப்பட்டதாகக் கூறி மாசசூசெட்ஸ் மாநில அரசு வழக்குத் தொடுத்தது. அரசு காக்க முயன்றது தன் பெயரையே என்பது வைஸ்மேனின் வாதம். இரண்டிலுமே உண்மை உண்டு. தம் நிலையை உணர முடியாத ஒருவர் படமெடுக்க எப்படி ஒப்புதல் தர முடியும் என்ற கேள்வி இன்றும் ஆவணப்படக்காரர்களை விடவில்லை. மருத்துவர், வழக்கறிஞர் முதலிய துறையினருக்கு மட்டும் காட்டலாம் என்று 1969இல் தீர்ப்பானது. பொதுமக்கள் பார்க்க 1991 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

படமாக்கும் முறை

இவர் படங்களில் பின்னணிக் குரல், நேர்காணல், சேர்க்கப்பட்ட பின்னணி இசை, பேசுபவரின் பெயரைக் காட்டும் எழுத்து எதுவும் இராது. ஒளிப்பதிவாளரும் ஓர் உதவியாளரும் உடன் வர, ஒலிவாங்கியை வைஸ்மேனே பிடிப்பார். படப்பிடிப்பு சில வாரங்களில் முடிந்துவிடும். ஆனால் படத்தொகுப்புக்கு ஏறத்தாழ ஓராண்டு ஆகும். படம் உருவாவது அந்த மேசையில்தான். எதை வைப்பது, எதை விடுவது, எதன் பின் எதை அடுக்குவது என்பதெல்லாம் தம் பார்வையே என்று அவர் ஒளிக்காமல் சொல்லிவந்தார்.

முதல் படத்தில், ஒருவருக்கு மூக்கில் குழாய் செருகி உணவு புகட்டும் காட்சிக்கு இடையிடையே அவரது சடலத்தைத் தயார்செய்யும் காட்சிகள் வரும். அது கருத்தைத் திணிப்பதாகப் பின்னாளில் அவரே எண்ணினார். அடுத்து வந்த 'ஹை ஸ்கூல்' (1968) படத்தில் கை அடக்கமானது. பிலடெல்பியாவின் ஓர் உயர்நிலைப் பள்ளி அது. வியட்நாம் போருக்குப் புறப்படும் முன்னாள் மாணவர், தம்மை வேலை செய்யும் வெறும் உடல் என்று குறிப்பிட்டு எழுதிய கடிதத்தைத் தலைமையாசிரியர் வாசித்து, பள்ளியின் வெற்றிக்கு இதுவே சான்று என்று பெருமிதம் கொள்கிறார். படம் அங்கேயே முடிந்துவிடுகிறது. ஆசிரியப் பணிக்குப் பயில்வோர் அவசியம் காண வேண்டிய காட்சி.

பிற்காலப் படங்கள்

1971இல் ஜிப்போரா ஃபிலிம்ஸ் என்ற சொந்த நிறுவனத்தைத் தொடங்கித் தம் படங்களைத் தாமே விநியோகித்தார். படத்தின் நீளத்தில் அவர் சமரசம் செய்துகொண்டதில்லை. தீவிர சிகிச்சைப் பிரிவில் எடுத்த 'நியர் டெத்' (1989) ஏறத்தாழ 6 மணி நேரம் ஓடும். நியூயார்க் பொது நூலகம் பற்றிய 'எக்ஸ் லிப்ரிஸ்' (2017), பாஸ்டன் நகராட்சி பற்றிய 'சிட்டி ஹால்' (2020) ஆகியவையும் நீண்டவையே. 2016இல் கௌரவ ஆஸ்கர் விருது பெற்றார். பிரான்ஸின் ஓர் உணவகக் குடும்பத்தைப் பற்றிய, 4 மணி நேரம் ஓடும் 'மெனு-ப்ளேசிர்' 2023இல் வெளிவந்தபோது அவருக்கு வயது 93.