கள்ளத்தோணி

தோணி என்ற சொல்லில் எவ்விதக் குற்றமும் இல்லை. எனினும் அதன் முன்னே "கள்ள" என்ற அடையைச் சேர்த்து இலங்கைத் தமிழர் ஒரு புதுச்சொல் ஆக்கிக்கொண்டனர். முதலில் அது படகைக் குறித்தது. பின்னர் படகிலே வந்தவனைக் குறித்தது. ஈற்றில், படகேறியே அறியாத இலட்சக்கணக்கான மக்கள்மீது வீசப்பட்ட வசைமொழியாயிற்று. இச்சொல் சென்ற வழியைப் பின்தொடர்வோமாயின், சட்டவிரோதக் குடிப்பெயர்ச்சி என இன்று உலகம் முழுவதும் பேசப்படும் பிரச்சினையின் இயல்பு நமக்கு ஓரளவு விளங்கும்.

தலைமன்னாருக்கும் தனுஷ்கோடிக்கும் இடையிலுள்ள கடல் ஏறத்தாழ 30 கிலோமீற்றர். 1914ஆம் ஆண்டு முதல் புகைவண்டியையும் கப்பலையும் இணைத்து "போட் மெயில்" அவ்வழியே ஓடிற்று. தோட்டத்துக்கு வந்த தொழிலாளியும், கடைக்கு வந்த வணிகரும், தலயாத்திரை சென்ற யாழ்ப்பாணத்தவரும் அதிற் பயணஞ் செய்தனர். அக்கரையில், மண்டபத்தில், இலங்கை அரசாங்கமே ஒரு முகாம் நடத்தியது. தோட்டங்களுக்கு வருவோர் அங்கே சில நாட்கள் தங்கவைக்கப்பட்டு, அம்மையோ வாந்திபேதியோ இல்லையென்று கண்ட பின்னரே கப்பலேற்றப்பட்டனர். நோயைத் தடுப்பதே அம்முகாமின் நோக்கம்; ஆட்களோ தேயிலைக்கு வேண்டப்பட்டவர்கள்.

தேவை குறைந்ததும் நிலைமை மாறிற்று. 1939இல் இலங்கை அரசாங்கம் தன் சேவையிலிருந்த இந்திய நாட்கூலிகளை விலக்க முற்பட, இந்தியா தன் தொழிலாளர் இங்கு வருவதைத் தடைசெய்தது. 1948இல் பிரஜாவுரிமைச் சட்டம் நிறைவேறியது. அதே ஆண்டின் 20ஆம் இலக்கக் குடிவருவோர், குடியகல்வோர் சட்டம் 1949 நவம்பர் முதலாந் திகதி நடைமுறைக்கு வந்தது. இனிக் கடவுச்சீட்டும் வீசாவும் இன்றி எவரும் வரலாகாது.

சட்டம் பிறந்ததனால் மக்களின் தேவை ஒழிந்துவிடவில்லை. கணவன் இங்கும் மனைவி அங்குமாக இருந்த குடும்பங்கள் பல. தமையன் வேலைபார்க்கும் கடைக்கே தம்பியும் வர விரும்பினான். சீட்டு விற்ற கந்தோர் மூடப்பட்ட இடத்திலே தோணிக்காரன் வந்து நின்றான், கூலி பேசினான், இருட்டிலே மன்னார்க் கரையிலோ யாழ்ப்பாணக் கரையிலோ இறக்கிவிட்டுப் போனான். 1952இல் கடற்படைக்கும் பொலிசாருக்கும் துணையாக இராணுவமும் கரைகாக்க அனுப்பப்பட்டது. 1963இல் அக்காவல் விரிவாக்கப்பட்டுத் தனிப்படையாகி, 1981 வரை நீடித்தது.

ஒரு நாடு தன் கரையைக் காப்பது தவறென்று கூறுவார் எவருமிலர். ஆனால் இரவிலே இறங்கியவனின் நெற்றியில் எந்த அடையாளமும் இருக்கவில்லை. அவன் பேசியதும் உடுத்ததும் உண்டதும், மூன்று தலைமுறையாக மலைநாட்டிலே கொழுந்து பறித்தவர்களைப் போலவே இருந்தன. அவனிடமும் பத்திரமில்லை, 1948ஆம் ஆண்டுச் சட்டத்தால் பிரஜாவுரிமை இழந்த தோட்டத்து மக்களிடமும் பத்திரமில்லை. ஆகவே இருவருக்கும் ஒரே பெயர் சூட்டப்பட்டது. 1964 ஒக்டோபரில் செய்துகொள்ளப்பட்ட சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 பேரைக் கணக்கெடுத்து, 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் ஒதுக்கிற்று. எஞ்சிய 1,50,000 பேரை 1974இல் இரு நாடுகளும் சரிபாதியாகப் பிரித்துக்கொண்டன. அவர்களுள் மிகப் பெரும்பாலாரோ அவர்தம் முன்னோரோ அரசாங்கம் திறந்துவைத்த வழியாலே வந்தவர்கள் என்பதை எவரும் எண்ணிப்பார்த்ததாகத் தெரியவில்லை. நாடற்றவராய் எஞ்சியோருக்குப் பிரஜாவுரிமை வழங்கும் சட்டம் 2003இலேதான் வந்தது.

1983இன் பின் தோணிகள் திசை மாறின. இப்போது இக்கரையிலிருந்து அக்கரைக்கு ஓடினர். முன்னர் "கள்ளத்தோணி" என்று பிறரைச் சொன்னவர்களும் அவர்களிடையே இருந்திருப்பர். அகதிகளை ஏற்றது அதே மண்டபம் முகாம். சிலர் இன்னும் தூரம் சென்றனர். 1986 ஓகஸ்டில் கனடாவின் நியூபவுண்ட்லாந்துக் கரைக்கு அப்பால், உயிர்காப்புப் படகுகளில் மிதந்த 155 தமிழரை மீனவர் மீட்டனர். கனடா அவர்களைத் தங்கவிட்டது. 2010இல் "சன் சீ" என்ற கப்பலில் 492 பேர் சென்றபோதோ, அந்நாடே அவர்களைச் சிறைவைத்து, ஈராண்டுக்குள் சட்டத்தையும் கடுமையாக்கிற்று.

1996ஆம் ஆண்டு நத்தார்த் தினத்தையொட்டிச் சிசிலித் தீவின் அருகே நிகழ்ந்தது இவற்றினும் கொடியது. நடுக்கடலிலே ஒரு சிறு படகுக்கு மாற்றப்பட்ட இந்தியர், பாக்கிஸ்தானியர், இலங்கைத் தமிழர் ஆகியோருள் ஏறக்குறைய 300 பேர் மூழ்கி மாண்டனர். தப்பியோர் சொன்னதை அதிகாரிகள் நம்பவில்லை. போர்த்தோபாலோ என்ற ஊரின் மீனவர் வலைகளிலே மீனோடு பிணங்களும் வந்தன. சொன்னால் விசாரணை வரும், தொழில் கெடும் என்றஞ்சி அவற்றை மீண்டும் கடலிலேயே இட்டனர். ஒருவர் வலையிலே இலங்கைத் தமிழ் இளைஞன் ஒருவனின் அடையாள அட்டை அகப்பட்டது. அதன் வழியே சென்ற ஒரு பத்திரிகையாளர் 2001இல், நூறு மீற்றருக்கும் கீழே கிடந்த படகைப் படம்பிடித்துக் காட்டினார். ஐந்தாண்டு காலம் அந்த மரணங்களை ஏற்கவே மறுத்தவர்களுக்கு அந்த அட்டையே சாட்சியாயிற்று.

அவுஸ்திரேலியா கையாண்ட முறை வேறு. 2001இல் நோர்வேக் கப்பல் ஒன்று கடலில் மீட்ட 433 பேரைத் தன் கரையில் இறங்கவிடாது, பெரும்பாலோரை நவுறுத் தீவுக்கு அனுப்பிற்று. அன்று மண்டபத்தில் இலங்கை செய்ததும் பிறர் மண்ணிலே தன் வாயிலை அமைத்ததுதான். ஆயினும் அது உள்ளே அழைத்துவருவதற்கு அமைத்த வாயில். இது உள்ளே வராதிருக்க அமைத்தது. 2014இல் 157 தமிழரை ஒரு கப்பலிலேயே ஏறத்தாழ ஒரு மாதம் அடைத்து வைத்தது அந்நாடு. அதே காலத்தில் வேறு 41 இலங்கையரை நடுக்கடலிலே நமது கடற்படையிடம் ஒப்படைத்தது. திரும்பி வந்தவர்கள் காலியில் நீதவான் முன் நிறுத்தப்பட்டனர். குற்றம், அனுமதியின்றி நாட்டைவிட்டுப் புறப்பட்டமை. அதற்கு எடுத்தாளப்பட்டது, திருத்தங்களோடு இன்றும் நின்று நிலவும் அதே 1948ஆம் ஆண்டுச் சட்டம். வந்தவரைப் பிடிக்க வகுக்கப்பட்டது, போகிறவரையும் பிடிக்கிறது.

2022இல் பொருளாதாரம் சரிந்து, அரிசிக்கும் பால்மாவுக்கும் வழியின்றி மன்னாரிலிருந்து மீண்டும் படகுகள் புறப்பட்டன. தனுஷ்கோடிக்கு அப்பாலுள்ள மணற்றிட்டிலே கைக்குழந்தையோடு இறக்கிவிடப்பட்டவர்களும் உண்டு. அவர்களும் மண்டபத்துக்கே கொண்டுசெல்லப்பட்டனர். தமிழ்நாட்டரசு 2021இல் அம்முகாம்களின் பெயரை மறுவாழ்வு முகாம் என மாற்றியிருந்தது. இந்திய அரசு 2025இல், 2015 ஜனவரி 9க்கு முன் வந்து பதிவுசெய்த இலங்கைத் தமிழரை, ஆவணமின்மைக்காகத் தண்டிப்பதிலிருந்து விலக்கியது, பிரஜாவுரிமை தரவில்லை. ஆவணமின்றி வந்தோர் இந்தியச் சட்டப்படி சட்டவிரோதக் குடிபெயர்ந்தோர். 2004 டிசம்பர் 3க்குப் பின் அங்கே அவர்களுக்குப் பிறந்த பிள்ளைகளுக்கும், பிறப்பினால் வரும் உரிமை கிடையாது. தோணியையே அறியாத அப்பிள்ளைகள், அங்கிருந்தபடியே பள்ளிக்கூடம் போய் வருகிறார்கள்.