வென்ற பதக்கத்தை இழந்த புதுக்கோட்டை சாந்தி... தோஹாவில் என்னாச்சு? இப்போ விதி என்ன?

உலகத் தரவரிசைக்கான தடகளப் போட்டிகளில் பெண்கள் பிரிவில் பங்கேற்க, வாழ்நாளில் ஒருமுறை மரபணுப் பரிசோதனை கட்டாயம். 2025 செப்டம்பர் 1 முதல் அமலில் உள்ள விதி இது. இதனால் ஒரு வீராங்கனையின் வாழ்க்கை எப்படி மாறும்? புதுக்கோட்டை சாந்தியின் கதையே பதில் சொல்லும்.

யார் இந்த சாந்தி?

தஞ்சாவூரை ஒட்டிய புதுக்கோட்டை மாவட்டம் கத்தக்குறிச்சிதான் சாந்தி சௌந்தரராஜனின் சொந்த ஊர். அப்பா, அம்மா இருவரும் செங்கல் சூளைத் தொழிலாளர்கள். ஐந்து பிள்ளைகளில் இவர்தான் மூத்தவர். ஓடக் கற்றுக்கொடுத்தவர் தாத்தா. 2005-ல் தென்கொரியாவின் இஞ்சியோனில் நடந்த ஆசிய தடகளப் போட்டியில் 800 மீட்டரில் வெள்ளி வென்றார்.

தோஹாவில் என்னாச்சு?

2006 டிசம்பர், ஆசிய விளையாட்டுப் போட்டி. 800 மீட்டரை 2 நிமிடம் 3.16 விநாடியில் ஓடி மறுபடியும் வெள்ளி. அதன் பிறகு அவருக்குப் பாலினப் பரிசோதனை நடந்தது. அதில் தேறவில்லை என்று சொல்லி பதக்கம் பறிக்கப்பட்டது. இத்தனைக்கும் ஊக்கமருந்து எடுத்ததாக அவர் மீது எந்தப் புகாரும் இல்லை. ரகசியமாக இருக்க வேண்டிய மருத்துவ முடிவு, ஊடகங்களில் செய்தியாக ஓடியது.

அப்போதைய முதல்வர் கருணாநிதி, அறிவித்தபடி 15 லட்சம் ரூபாய் பரிசை சாந்திக்கே கொடுத்தார். ஆனாலும் அவரது ஓட்டம் அதோடு நின்றது. 2012-ல் அவர் செங்கல் சூளையில் தினக்கூலிக்கு வேலை செய்வது தெரிந்து நாடே அதிர்ந்தது. பிறகு பெங்களூருவில் பயிற்சியாளர் படிப்பை முடித்தார். 2016-ல் தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்தில் நிரந்தர வேலை கிடைத்தது. பதக்கம் மட்டும் திரும்பவே இல்லை.

டூட்டி சந்த் மட்டும் எப்படி ஜெயிச்சார்?

ஒடிசாவின் ஓட்டப்பந்தய வீராங்கனை டூட்டி சந்த், உடலில் டெஸ்டோஸ்டிரோன் அளவு அதிகம் என்று 2014 காமன்வெல்த் போட்டிக்கு முன் நீக்கப்பட்டார். அவர் சர்வதேச விளையாட்டு நடுவர் மன்றத்துக்குப் போனார். இந்திய அரசும் துணை நின்றது. 2015-ல் அந்த விதியே நிறுத்தி வைக்கப்பட்டது. 2018 ஆசிய விளையாட்டில் 100, 200 மீட்டர் இரண்டிலும் டூட்டிக்கு வெள்ளி! சாந்திக்கு இப்படி ஒரு சட்டப் போராட்டம் வாய்க்கவில்லை.

தென்னாப்பிரிக்காவின் காஸ்டர் செமன்யாவும் 2009-ல் இதே கேள்வியை எதிர்கொண்டார். ஆனால் 800 மீட்டர் உலக சாம்பியன் தங்கம் அவரிடமே இருக்கிறது.

புதிய பரிசோதனை என்ன செய்யும்?

கன்னத்தின் உட்புறத்தைத் துடைத்தோ, ரத்தம் எடுத்தோ 'எஸ்ஆர்ஒய்' மரபணு இருக்கிறதா என்று பார்ப்பார்கள். இது பொதுவாக ஒய் குரோமோசோமில் இருப்பது. பிறந்தது முதல் பெண்ணாகவே வளரும் சிலருக்கும் இது இருக்கலாம். பலருக்குப் பரிசோதிக்கும் வரை தெரியவே தெரியாது. அவர்களில் டெஸ்டோஸ்டிரோனை உடல் முழுமையாக ஏற்காத நிலை உள்ளவர்களுக்கு விதிவிலக்கு உண்டு.

பெண்கள் போட்டியில் நியாயம் வேண்டும் என்கிறது உலக தடகள அமைப்பு. அந்த நியாயம் பரிசோதிக்கப்படும் பெண்ணுக்கும் வேண்டும். முடிவை ரகசியமாக வைப்பது, புரியும் மொழியில் விளக்குவது, மேல்முறையீட்டுக்கு உதவுவது... 2006-ல் சாந்திக்குக் கிடைக்காதவை இவைதான். கிராமத்திலிருந்து ஓடி வரும் அடுத்த பெண்ணுக்காவது இவை கிடைக்குமா என்பதே இப்போதைய கேள்வி.