யார், எப்போது, என்ன செய்தார்?

காணியும் வீடும் இழந்து தோட்டத்து லயத்துக்கு வந்த குடும்பத்திடமும் சீதனம் கேட்கிறார்கள். கிடைக்காவிட்டால் கணவனோடு மாமியாரும் நாத்தனாரும் சேர்ந்து பெண்ணை வதைக்கிறார்கள்.

அவர்கள்மீதும் முறையிடலாம். 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம் கணவனின் பெற்றோரையும் உடன்பிறந்தோரையும் உள்ளடக்குகிறது. பாதிக்கப்பட்டவரோ, அவர் சார்பில் பொலிஸாரோ நீதவான் நீதிமன்றத்தில் விண்ணப்பிக்கலாம். பாதுகாப்புக் கட்டளை 12 மாதம்வரை கிடைக்கும்.

ஆனால், “எல்லாரும் கொடுமை செய்தார்கள்” என்றால் போதாது. பீகார் மாநிலத்துச் சீதன வழக்கொன்றில், குற்றச்சாட்டு பொதுப்படையாக இருந்ததால், கணவனின் உறவினர்மீதான வழக்கை இந்திய உச்ச நீதிமன்றம் 2022இல் ரத்துச் செய்தது.

ஆகவே சகோதரிகளே, யார், எந்த நாளில், என்ன செய்தார், யார் கண்டார் என்று அன்றன்றே குறித்து வையுங்கள். குற்றம் செய்யாதவர் பெயரைச் சேர்க்காதீர்கள். அது உங்கள் உண்மையையே பலவீனமாக்கும்.