கழுகும் ஒரு சமுதாயமே

பூமியில் வாழும் உயிரினங்களும் சிறகடிக்கும் பறவைகளும் நம்மைப்போலவே சமுதாயங்கள் என்று திருமறையின் 6ஆம் அத்தியாயம் 38ஆம் வசனம் உணர்த்துகிறது. ஒரு பறவை மடிந்தால் ஓர் உயிர் போயிற்று. அதன் இனமே அற்றுப்போனால் ஒரு சமுதாயமே போயிற்று.

முற்காலத்து நபி ஒருவரை எறும்பு கடித்தது. அவர் புற்றையே எரிக்கச் செய்தார். கடித்தது ஒன்றாயிருக்க, தன்னைத் துதிக்கும் ஒரு சமுதாயத்தையே எரிப்பதா என்று அல்லாஹ் கண்டித்த செய்தி புகாரி, முஸ்லிம் ஆகிய ஹதீஸ் நூல்களில் உள்ளது.

அந்த எறும்பாவது கடித்தது. நமக்கு யாதொரு தீங்கும் செய்யாத ஒரு சமுதாயத்தை நம் தலைமுறை ஏறக்குறைய அழித்தேவிட்டது. அதுவே பிணந்தின்னிக் கழுகு.

வாசக நேயர்களே! ஏரலில் தாமிரபரணிக் கரையில் நின்று வானத்தை நோக்குங்கள். பருந்து தென்படும், அக்கழுகு தென்படாது. ஒரு காலத்தில் தமிழகத்துச் சமவெளிகளில் வாழ்ந்த அதனைக் கூட்டமாகக் காண, இன்று முதுமலையை ஒட்டிய மாயாற்றுப் பள்ளத்தாக்குக்குத்தான் செல்லவேண்டும். 1992க்கும் 2007க்கும் இடையில் இந்தியாவில் வெண்முதுகுக் கழுகுகள் ஆயிரத்துக்கு ஒன்று என்னும் அளவுக்குக் குறைந்துபோயின.

காரணம் என்ன? மாடுகளின் வலிக்கும் வீக்கத்துக்கும் கொடுக்கப்பட்ட டைக்ளோஃபினாக் என்னும் மருந்து. அதைக் கொடுத்த சில நாட்களில் இறந்த மாட்டைத் தின்ற கழுகு, சிறுநீரகம் கெட்டு மாண்டது. ஒரே உடலைப் பல கழுகுகள் சூழ்ந்து உண்பது அவற்றின் இயல்பு. ஆண்டுக்கு ஒரு முட்டையே இடும் இனம் இந்த இழப்பை எவ்வாறு ஈடுசெய்யும்? 2004இல் காரணம் வெளியாயிற்று. 2006இல் கால்நடைகளுக்கு அம்மருந்து தடை செய்யப்பட்டது.

கழுகை உண்பதை மார்க்கம் விலக்கியுள்ளது. கழுகு பயனற்றது என்று கூறவில்லை. ஆதம் நபியின் மகனுக்கு, இறந்த உடலை மண்ணில் மறைக்கக் கற்பிக்க அல்லாஹ் அனுப்பியது ஒரு காகத்தையன்றோ! ஊர்ப்புறத்தைத் துப்புரவாக்கும் பணியைக் கழுகுக்கு அவனே அளித்தான். அது மறைந்தபின் இறந்த கால்நடைகள் அழுகிக் கிடந்தன. அவற்றைத் தின்னும் நாய்கள் பெருகின. அப்பணியாளர் இல்லாமற்போனதால் 2000 முதல் 2005 வரை இந்தியாவில் ஏறத்தாழ 5 லட்சம் மக்கள் கூடுதலாக இறந்தனர் என்று 2024இல் வெளியான ஆய்வு ஒன்று கணக்கிட்டது.

ஆகவே, மாடு வளர்ப்போரே! மனிதருக்கென விற்கும் டைக்ளோஃபினாக்கை வாங்கி மாட்டுக்குக் கொடுக்காதீர்கள். கழுகுக்குத் தீங்கிழைக்காத மெலாக்சிகாம் இருக்கிறது. கால்நடை மருத்துவரிடம் கேட்டுப் பெறுங்கள். தீங்கு நாடாமல் செய்த செயல்தான் இத்தனை அழிவைத் தந்தது. அறிந்தபின்னும் அதையே செய்தால், மறுமையில் என்ன விடை கூறுவோம்?

தன் படைப்புகளை அமானிதமாகப் பேணும் நல்லறிவை வல்ல அல்லாஹ் நமக்கு அருள்வானாக! ஆமீன்.