தாவாவுக்கு ஏற்ற மன்றம் எது?

காஞ்சிபுரத்தை அடுத்த திருப்புட்குழியில், மரகதவல்லித் தாயாரின் அருளால் வறுத்த பயறும் முளைக்கும் என்பது பக்தர்களின் நம்பிக்கை. அதிகாரமில்லாத மன்றத்தில் இட்ட பிராதோ ஒருநாளும் முளைப்பதில்லை. ஒப்பந்தத் தகராறுகளில், நியாயம் தம் பக்கம் இருந்தும், தவறான வாசலில் நின்று காலத்தையும் பொருளையும் இழப்போர் உளர். ஆதலின் நெசவாளரும் விவசாயிகளுமான நம் அங்கத்தினர்கள், வழக்கிடுமுன் மூன்று வினாக்களுக்கு விடை காணவேண்டும்.

முதலாவது, எதிர்த்தரப்பினர் யார்? சங்கத்திற்கும் அதன் அங்கத்தினருக்கும் இடையிலோ, ஒரு சங்கத்திற்கும் பிறிதொரு சங்கத்திற்கும் இடையிலோ, சங்கத்தின் நிர்வாகம் அல்லது தொழில் பற்றி எழும் தாவாவைப் பதிவாளரிடமே கொண்டுசெல்ல வேண்டும் என்கிறது, 1983-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 90-வது பிரிவு. அத்தகைய தாவாக்களில் சிவில் நீதிமன்றம் தலையிடுவதை 156-வது பிரிவு தடுக்கிறது. நெய்து கொடுத்த சேலைக்குரிய கூலி குறித்து அங்கத்தினருக்கும் சங்கத்திற்கும் பேதம் எழுந்தால், அதற்குரிய வழி இதுவே. நெசவாளர் சங்கங்களின் பொருட்டுப் பதிவாளரின் அதிகாரத்தைக் கைத்தறித் துறை செலுத்துகிறது. பதிவாளரின் முடிவில் குறை கண்டோர் கூட்டுறவுத் தீர்ப்பாயத்தில் மேல்முறையீடு செய்யலாம். ஆயின், சங்கத்திற்கு ஜரிகை விற்ற வியாபாரி அங்கத்தினர் அல்லர். அவருடனான வழக்கு சிவில் நீதிமன்றத்திற்கே உரியது.

இரண்டாவது, தகராறு எதைப் பற்றியது? அங்கத்தினர் தொடர்புடையது என்பதாலேயே ஒரு விஷயம் சங்கத்தின் தொழிலாகிவிடாது. டெக்கான் மெர்ச்சண்ட்ஸ் கூட்டுறவு வங்கி வழக்கில், தன் வசம் வந்த கட்டடத்தின் வாடகைதாரரோடு வங்கி கொண்ட பிணக்கு அதன் தொழில் பற்றிய தாவா ஆகாது என்று 1968-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

மேலும், சேவைக் குறைபாட்டிற்குப் பரிகாரம் தேடும் நுகர்வோர்க்கு மற்றொரு வாசலும் உண்டு. நம் மாநிலத்துத் திருமுருகன் கூட்டுறவு வேளாண்மைக் கடன் சங்கத்தில், நெல் மூட்டைகளை அடகு வைத்துக் கடன் பெற்ற அங்கத்தினர்கள் நுகர்வோர் மன்றத்தை நாடினர். 90, 156 ஆகிய பிரிவுகள் அதற்குத் தடையல்ல என்று உச்ச நீதிமன்றம் 2003-இல் முடிவு செய்தது. 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டமும், பிற சட்டங்களோடு கூடுதலாக இயங்குவதே தான் என்று 100-வது பிரிவில் கூறுகிறது.

மூன்றாவது, ஒப்பந்தத்தில் எந்த ஊர் எழுதப்பட்டுள்ளது? 1974-இல் சேலத்து வணிக நிறுவனம் ஒன்று, பாபின் ஒன்று 35 ரூபாய் வீதம் 5,000 பாபின் மெட்டாலிக் நூலுக்குக் குஜராத்துக் கம்பெனியுடன் ஒப்பந்தம் செய்தது. தகராறுகள் கைரா நீதிமன்ற எல்லைக்கு உட்பட்டவை என்பது அதில் கண்ட ஒரு ஷரத்து. சேலத்தில் தொடுத்த வழக்கை விசாரிக்க அதிகாரமில்லை என்று கீழ்நீதிமன்றம் பிராதைத் திருப்பிவிட்டது. ‘மட்டுமே’ என்னும் சொல் அங்கு இல்லை. ஆகவே சேலத்திலும் வழக்கு நடக்கும் என்று 1989-இல் உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது. ஒப்பந்தமானது 1974-இல், எங்கே வழக்காடுவது என்பது முடிவானது 1989-இல்! அத்தீர்ப்பை நம்பி இன்று அயர்ந்திருத்தலும் தகாது. 2013-இல் ஸ்வஸ்திக் கேசஸ் வழக்கில், ‘மட்டுமே’ என்ற சொல் இல்லாவிடினும், குறிப்பிட்ட ஊரைப் பெயர் சொன்னதே பிற ஊர்களை விலக்கப் போதுமானது என்று அதே மன்றம் கருதியது.

ஒப்பந்தத்தை மீறியதற்கான வழக்கிற்குப் பொதுவாக மூன்று ஆண்டுகளே தவணை. நல்லெண்ணத்தோடும் ஊக்கத்தோடும் தவறான மன்றத்தில் வழக்காடிய காலத்தை 1963-ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டத்தின் 14-வது பிரிவு கழித்துக்கொடுக்கும். ஆயினும், அதனை நம்பி வழக்கிடுவது விவேகமன்று.

நிர்வாகக் குழுவினர் நூலோ, ஜரிகையோ, உரமோ வாங்கும் ஒப்பந்தத்தில் கையொப்பமிடுமுன், விலைக்கு அடுத்தபடியாக ஊர்ப்பெயரைப் பார்க்கவேண்டும். தொலைதூர நீதிமன்றம் குறிக்கப்பட்டிருந்தால், காஞ்சிபுரம் என்று மாற்றக் கேட்பதில் குற்றமில்லை. நூலின் தரத்தைத் தறியில் ஏற்றுமுன் பார்க்கின்ற நாம், ஒப்பந்தத்தையும் அவ்வாறே பார்ப்போமாக.