மூன்று முட்டையில் ஐந்து பேருக்கு

எமது மாதர் குழுக்களில் கோழி வளர்ப்பைப் பற்றிக் கதைக்கும்போது கூடு, தீனி, தடுப்பூசி எல்லாம் பேசி முடித்த பின்னர் நான் ஒரு கேள்வி கேட்பதுண்டு. "கடந்த கிழமை உங்கள் கோழி இட்ட முட்டைகளில் எத்தனையை நீங்கள் வீட்டில் சாப்பிட்டீர்கள்?" பெரும்பாலும் யாரும் வாய் திறப்பதில்லை. ஒரு தாய் மட்டும் துணிந்து சொன்னார்: "முட்டையைச் சாப்பிட்டால் சீனியும் தேயிலையும் ஆர் வாங்கித் தாறது, சுவாமி? வீட்டிலை ஐஞ்சு பேர். மூண்டு முட்டையை ஆருக்கெண்டு குடுக்கிறது?"

அவர் கேட்டது நியாயம். அவித்த முட்டையை இரண்டாக வெட்டலாம்; ஐந்தாக வெட்ட முடியாது. ஆகவே மூன்று முட்டை மூன்று பேருக்குத்தான். அந்த மூவர் யார் என்று வரும்போது வீட்டுக்காரரும் ஆண்பிள்ளைகளும் முன்னுக்கு நிற்பார்கள். தாயும் பெண்பிள்ளையும் சொதியோடு சோற்றை முடித்துக்கொள்வார்கள். வயிற்றில் பிள்ளையோடு இருப்பவரும் கைக்குழந்தைக்குப் பால் கொடுப்பவரும் அந்தத் தாயே என்பதை வீட்டில் ஒருவரும் கணக்கில் எடுப்பதில்லை.

ஆகையால் ஐந்து துண்டாகப் பங்கிடக்கூடிய ஒரு முட்டைக் கறியை இங்கே விளக்குகிறேன். ஹோட்டல்களில் இதனை உள்ளீடு வைத்த ஒம்லெற் என்பார்கள். எமக்கு அது புதிதன்று. 1995 ஒக்ரோபர் இறுதியில் வலிகாமத்தை விட்டு வெளியேறிய இலட்சக்கணக்கானோரில் எமது குடும்பமும் ஒன்று. வன்னியில் கிடுகுக் கொட்டிலில் இருந்த நாட்களில் என் தாயார் முருங்கை இலை வறையை மெல்லிய முட்டைப்பொரியலுக்குள் வைத்து மடித்து, கத்தியால் ஐந்தாக வெட்டுவார். வறை குறைந்த ஓரத்துண்டு எப்போதும் அவருடைய கோப்பைக்குத்தான் போகும். அதை நான் கவனித்தது மிகவும் பிந்தித்தான்.

நாம் வழக்கமாகச் செய்யும் முட்டைப்பொரியலில் வெங்காயத்தையும் மிளகாயையும் முட்டையோடு சேர்த்தே அடிக்கிறோம். கொஞ்சமாகச் சேர்க்கும்வரை அது சரி. ஐந்து பேருக்குக் காணவேண்டுமென்று இலையையும் கருவாட்டையும் அள்ளிப் போட்டால், மூன்று முட்டையால் அத்தனையையும் பிடித்து வைத்திருக்க முடியாது. புரட்டும்போது உடைந்து, கடைசியில் முட்டை ஒட்டிய வறையாகிவிடும். உள்ளீடு வைக்கும் முறையில் முட்டை மெல்லிய விரிப்பாகத் தனியே இறுகுகிறது. இறுகிய விரிப்பு தன்னைவிடக் கனமான வறையையும் கிழியாமல் தாங்கும்.

இதற்குக் காரணம் உண்டு. முட்டையிலுள்ள புரதம் மிகச் சிறிய நூல் உண்டைகளைப் போன்றது. சூடேறும்போது உண்டைகள் அவிழ்ந்து, ஒன்றோடொன்று சிக்கி, வலைபோல் ஆகின்றன. அந்த வலை முட்டையிலுள்ள நீரைத் தன் கண்களுக்குள் பிடித்து வைத்துக்கொள்கிறது. வெள்ளைக்கரு ஏறத்தாழ 60 பாகை செல்சியசைத் தாண்டும்போதும், மஞ்சட்கரு 65 தொடக்கம் 70 பாகைக்குள்ளும் இறுகத் தொடங்கும். தண்ணீர் கொதிப்பது 100 பாகையில். அப்படியென்றால் முட்டை இறுகுவதற்குக் கொதிநீரின் சூடுகூடத் தேவையில்லை. நாமோ எரிகிற நெருப்பில் எண்ணெய் புகையப் புகைய ஊற்றுகிறோம். அப்போது வலை சுருங்கி, பிடித்த நீரைப் பிழிந்து வெளியே தள்ளிவிடுகிறது. பொரியல் றப்பர் போலாவது இதனால்தான்.

ஐந்து பேருக்குப் பண்ணை முட்டையானால் 3, ஊர்க்கோழி முட்டையானால் 4 எடுக்கவும். ஊர்முட்டை 40 கிராம் அளவில்தான் இருக்கும். பண்ணை முட்டை 50 கிராமுக்கு மேல் நிற்கும். உள்ளீட்டுக்கு உருவிய முருங்கை இலை இரண்டு கை நிறைய, சின்ன வெங்காயம் பத்து, பச்சை மிளகாய் இரண்டு, தேங்காய்ப்பூ மூன்று மேசைக்கரண்டி, நெத்தலிக் கருவாடு ஒரு பிடி, சிறிது மஞ்சள், அரைத் தேசிக்காய், எல்லாவற்றுக்குமாக எண்ணெய் நான்கு தேக்கரண்டி.

முதலில் வறையை முடித்துவிட வேண்டும். கருவாட்டைத் தலை நீக்கி இளஞ்சூட்டு நீரில் பத்து நிமிடம் ஊறவைத்துக் கழுவினால் மண்ணும் மிகுதி உப்பும் போகும். பாதி எண்ணெயில் அதை மொறுகவிட்டு, வெங்காயமும் மிளகாயும் போட்டு வதக்கி, பின்னர் இலையையும் மஞ்சளையும் சேர்க்கவும். முருங்கைக் காம்பு எத்தனை நேரம் வெந்தாலும் மெதுமையாகாது. ஆகவே இலையை மட்டும் எடுப்பதில் சோம்பல் கூடாது. இலை வெந்ததும் தேங்காய்ப்பூவைப் போட்டுக் கிளறி, ஈரம் முற்றாக வற்றும்வரை அடுப்பில் வைத்திருங்கள். இந்தக் கறி பிழைப்பது பெரும்பாலும் இந்த இடத்தில்தான். ஈர வறையை முட்டைக்குள் வைத்தால் அதன் நீர் கசிந்து, விரிப்பு ஊறி, மடிக்கும்போது கிழியும். இறக்கிய பின்னரே தேசிக்காய் பிழியவும். அதிலுள்ள விற்றமின் சி சூட்டில் அழிந்துபோகும். அழியாமல் இருந்தால் இலையிலுள்ள இரும்புச்சத்தை உடம்பு எடுத்துக்கொள்ள உதவும். அதே காரணத்தால் சாப்பாட்டோடு சாயத்தண்ணி குடிப்பதைத் தவிர்த்து, ஒரு மணித்தியாலம் கழித்துக் குடிப்பது நல்லது. தேயிலை இரும்புச்சத்தைத் தடுக்கும்.

சோறு வடித்து இறக்கிய தணலே முட்டைக்குப் போதும். வேறு விறகு வேண்டியதில்லை. தோசைக்கல் இருந்தால் நல்லது. தாச்சியின் நடுவில் குழி இருப்பதால் முட்டை அங்கே தேங்கித் தடித்துவிடும். தாச்சிதான் உண்டென்றால் அதைச் சுற்றிச் சுற்றிச் சரித்துப் பரப்ப வேண்டும். குருமடத்தில் நான் முதன்முதலாகச் செய்தபோது காயாத கல்லில் ஊற்றி, தோழர்களுக்குச் சுரண்டிக் கொடுக்க நேர்ந்தது! கல் முதலில் நன்றாகக் காய வேண்டும். பின்னர் எண்ணெய் தடவி, சூட்டைத் தணித்து, ஒரு சொட்டு முட்டையை விட்டுப் பாருங்கள். சத்தமில்லாமல் மெல்ல வெளுத்து இறுகினால் பதம். உடனே பொரிந்து பழுப்பானால் கல்லைச் சற்று இறக்கி ஆறவிடுங்கள்.

முட்டையோடு ஒரு மேசைக்கரண்டி தண்ணீர் சேர்த்து, வெள்ளையும் மஞ்சளும் ஒன்றாகும்வரை அடிக்கவும். கருவாடு போட்டால் உப்பு வேண்டாம். கல்லில் ஊற்றியதும் ஓரம் முதலில் இறுகும். தட்டகப்பையால் ஓரத்தைத் தூக்கி, கல்லைச் சரித்து, மேலேயுள்ள இளகிய முட்டையைக் கீழே ஓடவிடுங்கள். மேற்பரப்பு ஓடாமல் ஈரமாக மட்டும் இருக்கும்போது வறையை ஒரு பாதியில் பரப்பி, மற்றப் பாதியை அதன்மேல் மடித்து, மெதுவாக அழுத்துங்கள். ஒரு தட்டால் மூடி இரண்டு நிமிடம் தணலில் விட்டு, ஒரு முறை திருப்பிப் போட்டு இன்னும் ஒரு நிமிடம். முட்டையில் நோய்க்கிருமி இருக்கக்கூடும். ஆகவே உள்ளே இளகிய முட்டை மிஞ்சக் கூடாது. சிறுபிள்ளைகளுக்கும் கர்ப்பிணிகளுக்கும் கொடுக்கும்போது இதில் விட்டுக்கொடுப்பு இல்லை.

அடுப்படியிலேயே ஐந்தாக வெட்டிவிடுங்கள். முழுதாகக் கொண்டுபோய் வைத்தால் முதலில் கை வைப்பவருக்குப் பாதி போய்விடும்.

இனிக் கணக்கையும் ஒளிக்காமல் சொல்ல வேண்டும். ஒரு பண்ணை முட்டையில் ஏறக்குறைய 6 கிராம் புரதம் உண்டு. மூன்றில் 18 கிராம். ஐந்தாகப் பிரித்தால் ஆளுக்கு 4 கிராமும் இல்லை. முட்டையால் மட்டும் இந்தக் கறி போதுமானதாகாது. உள்ளீட்டில் கருவாடு வேண்டும் என்று சொல்வது சுவைக்காக மட்டுமல்ல. எடைக்கு எடை பார்த்தால் முட்டையைவிட மூன்று மடங்குக்கு மேல் புரதம் நெத்தலிக் கருவாட்டில் இருக்கிறது. முள்ளோடு சாப்பிடுவதால் எலும்புக்கு வேண்டிய கல்சியமும் சேரும். கருவாடு இல்லாத நாளில் முதல்நாள் மிஞ்சிய பருப்பைத் தண்ணீர் வற்றக் காய்ச்சி வைக்கலாம். உருளைக்கிழங்குப் பிரட்டலும் நன்றாகப் பொருந்தும், ஆனால் அது வயிற்றை நிரப்பும் அளவுக்குப் புரதம் தராது. சிலர் முட்டையைப் பெருக்கக் கோதுமை மா கரைத்து ஊற்றுவார்கள். ஒரு தேக்கரண்டி மா விரிப்பு கிழியாதிருக்க உதவும். அதற்கு மேல் போனால் நீங்கள் செய்வது ரொட்டி.

முருங்கை இலையில் உடம்பு விற்றமின் ஏ ஆக மாற்றிக்கொள்ளும் சத்து நிறைய உண்டு. அது குறைந்தால் பிள்ளைகளுக்கு மாலைக்கண் வரும். அந்தச் சத்து உடம்பில் சேரக் கொழுப்பு வேண்டும். எண்ணெயும் தேங்காய்ப்பூவும் மஞ்சட்கருவும் அந்த வேலையைச் செய்கின்றன. முட்டை சேர்க்காத சைவக் குடும்பங்கள் கருவாட்டை நீக்கி, இதே வறையைத் தேங்காய்ப்பூ கூட்டி ரொட்டிக்குள் வைத்தால் இலையின் பயனை இழக்கமாட்டார்கள். கத்தோலிக்கர் சிலர் இன்றும் தவக்கால வெள்ளிகளில் முட்டை ஆகுமோ என்று என்னிடம் கேட்பதுண்டு. முற்காலத்தில் தவக்காலத்தில் முட்டையும் விலக்காயிருந்தது உண்மை. இன்றைய ஒழுங்கில் விலக்கு இறைச்சிக்கே.

ஆறு மாதம் கடந்த குழந்தைக்கும் நன்றாக வெந்த முட்டை கொடுக்கலாம். மிளகாயும் கருவாடும் போடுமுன் இலையில் கொஞ்சத்தைத் தனியே அவித்து, முட்டையோடு மசித்துக் கொடுங்கள். முதல் தடவை சிறிதளவே கொடுத்துப் பாருங்கள். தடிப்போ வாந்தியோ கண்டால் நிறுத்தி மருத்துவ மாதுவிடம் சொல்லுங்கள்.

சீனிக்கும் தேயிலைக்கும் என்ன வழி என்று கேட்ட தாய்க்கு நான் சொன்னது இது. ஊர்முட்டைக்குச் சந்தையில் பண்ணை முட்டையைவிட விலை கூட. புரதத்தைப் பொறுத்தவரை இரண்டுக்கும் பெரிய வேறுபாடில்லை. ஊர்முட்டையை விற்று, அந்தக் காசில் ஒரு பங்குக்குப் பண்ணை முட்டையை வாங்குங்கள், மிச்சம் சீனிக்கு. ஊர்முட்டைதான் உடம்புக்கு நல்லது என்று பக்கத்திலிருந்த ஆச்சி ஒருவர் கடைசிவரை ஒத்துக்கொள்ளவில்லை. ஆனால் அந்தத் தாய் விரலில் கணக்குப் பார்க்கத் தொடங்கியதைக் கண்டேன்.

குளிர்சாதனப் பெட்டி இல்லாத வீட்டில் முட்டையைக் கழுவி வைக்காதீர்கள். ஓட்டின்மேல் இயற்கையாக உள்ள மெல்லிய பூச்சு கழுவுப்பட்டுப் போனால் நுண்துளைகள் வழியே கிருமி உள்ளே செல்லும். அழுக்கை உலர்ந்த துணியால் துடைத்து, கூர்முனை கீழாக நிழலில் வையுங்கள். உடைக்குமுன் தண்ணீரில் போட்டுப் பார்ப்பதும் நல்லது. அடியில் படுத்தால் புதிது, நிமிர்ந்து நின்றால் பழசு, மிதந்தால் எறிந்துவிடுங்கள். ஒவ்வொன்றையும் வேறு கிண்ணத்தில் உடைத்து மணந்து பார்த்தே மற்றவற்றோடு சேர்க்க வேண்டும், இல்லாவிட்டால் கூழ்முட்டை ஒன்று மூன்றையும் கெடுக்கும். செய்த கறியை எமது வெக்கையில் இரண்டு மணித்தியாலத்துக்கு மேல் வைக்கலாகாது. தோட்டத்துக்குக் கட்டிக்கொண்டு போவதற்கு இது ஏற்றதல்ல; மத்தியானம் சுடச்சுடச் செய்து சாப்பிடுவதே சரி.

கோதுகளை எறியவேண்டாம். வெயிலில் நன்றாக உலர்த்தி, ஓடென்று அடையாளம் தெரியாதபடி இடித்துத் தீனியோடு கலந்து கோழிக்கே போடுங்கள். அடுத்த முட்டையின் ஓட்டுக்கு வேண்டிய கல்சியம் அதில் இருக்கிறது. முழுக் கோதாகப் போட்டால் கோழி தன் முட்டையையே கொத்திக் குடிக்கப் பழகிவிடும்.